போஃபர்ஸில் யாரும் ஜெயிலுக்குப் போகவில்லையே, அப்புறம் அந்தச் செய்திகளால் என்ன பயன்?

“போஃபர்ஸ் பற்றி வருஷக்கணக்கில் எழுதினார்கள், கடைசியில் ஒருவருக்கும் தண்டனை இல்லை. தேர்தல் பத்திர விவகாரமும் அப்படியே அடங்கிவிட்டது. புலனாய்வு நிருபர்கள் எழுதுவதால் ஆட்சியில் இருப்பவர்களுக்கு உண்மையில் ஏதாவது ஆகிறதா? இதழியல் படிக்கலாமா என்று யோசிக்கிறேன்” என்று கேட்டிருக்கிறீர்கள். இரண்டு தடவை படித்துப் பார்த்தேன். பத்திரிகை வரலாறு உங்களுக்குத் தேவையில்லை. எழுதுகிறவன் கையில் நிஜமாகவே ஏதாவது பலம் இருக்கிறதா, அதை நம்பி ஒரு ஆயுள் உழைக்கலாமா என்பதுதான் உங்கள் கேள்வி என்று எடுத்துக்கொள்கிறேன்.

என்னைப் பற்றி இரண்டு வரி சொல்லிவிடுகிறேன், பதிலை எடைபோட உதவும். 1991-ல் ஒரு தமிழ் நாளிதழில் பயிற்சி உதவி ஆசிரியராகச் சேர்ந்தேன். பதினோரு வருடம் மாவட்ட நிருபர், மிச்ச காலம் டெஸ்க், அதாவது அலுவலகத்தில் உட்கார்ந்து செய்தி திருத்தும் வேலை. டெல்லியில் வேலை பார்த்ததில்லை. ராணுவக் கொள்முதல் கோப்பு எதையும் நேரில் கண்டதில்லை. போஃபர்ஸ் பற்றி நான் அறிந்ததெல்லாம் அச்சில் வந்தவையும் தீர்ப்புகளில் இருப்பவையும்தான். நான் கைப்படத் துருவியது ஒன்றியச் சாலை, ரேஷன் கடை, ஏரி மண் கணக்கு போன்றவை. சின்ன ஊழலும் பெரிய ஊழலும் தப்பிக்கிற வழி ஏறக்குறைய ஒன்றேதான் என்பது என் அனுபவம்.

போஃபர்ஸில் உறுதியாகச் சொல்ல முடிந்ததை முதலில் சொல்கிறேன். 1986 மார்ச்சில் 155 மி.மீ. பீரங்கிகள் 410 வாங்க ஸ்வீடனின் போஃபர்ஸ் நிறுவனத்தோடு இந்திய அரசு ஒப்பந்தம் போட்டது. மதிப்பு சுமார் 1,437 கோடி ரூபாய். இடைத்தரகர் கூடாது என்பது அரசே வைத்திருந்த நிபந்தனை. 1987 ஏப்ரல் 16 அன்று ஸ்வீடன் வானொலி, இந்த வியாபாரத்தில் லஞ்சம் கைமாறியது என்று அறிவித்தது. அரசு மறுத்தது. அந்த ஜூன் மாதமே ஸ்வீடன் நாட்டுத் தணிக்கை அமைப்பு, முகவர்களுக்குப் பணம் போனது உண்மைதான் என்று அறிக்கை கொடுத்தது. ஆனால் யாருக்குப் போனது என்ற பகுதி வெளியே வரவில்லை. அந்த ஒரு பகுதிக்காகத்தான் அடுத்த இரண்டரை வருட ஓட்டம்.

ஜெனீவாவில் இருந்த சித்ரா சுப்ரமணியமும் சென்னையில் ‘தி இந்து’வின் என். ராமும் 1988, 89-ல் வெளியிட்டவை வெறும் குற்றச்சாட்டுகள் அல்ல. போஃபர்ஸின் உள் ஆவணங்கள், பணம் செலுத்தச் சொல்லும் கடிதங்கள், லோட்டஸ், டியூலிப் என்று பூப்பெயர் வைத்த ஸ்விஸ் கணக்குகள், நிறுவனத் தலைவர் மார்ட்டின் ஆர்ட்போவின் நாட்குறிப்பு வரிகள். கொடுத்தவர் ஸ்டென் லிண்ட்ஸ்ட்ரோம். ஸ்வீடன் போலீஸில் இந்த விசாரணைக்கே தலைமை தாங்கியவர். சொந்த நாட்டில் விசாரணை மூடப்பட்டுவிட்டது, இந்தியாவில் மூடப்பட்டுக்கொண்டிருந்தது, அதனால் நிருபரிடம் கொடுத்தார். அவர் யார் என்பது 2012-ல் அவரே சொன்ன பிறகுதான் ஊருக்குத் தெரிந்தது. ஒரு பெயரைக் கால் நூற்றாண்டு வாய்க்குள்ளேயே வைத்திருப்பது இந்தத் தொழிலில் எழுதுவதைவிடக் கஷ்டமான வேலை.

இந்தப் பக்கம் நடந்ததையும் பாருங்கள். 1987 செப்டம்பரில், அரசைக் கடுமையாக விமர்சித்து வந்த இந்தியன் எக்ஸ்பிரஸ் அலுவலகங்களில் வருவாய்ப் புலனாய்வு அதிகாரிகள் நுழைந்தார்கள். நாடாளுமன்றக் கூட்டுக்குழு ஒன்று போட்டார்கள். முக்கிய எதிர்க்கட்சிகள் புறக்கணித்த அந்தக் குழு 1988-ல், இடைத்தரகருக்கும் லஞ்சத்துக்கும் ஆதாரமில்லை என்று முடித்தது. அந்த அறிக்கையோடு ஒத்துப்போகாமல் எதிர்க்குறிப்பு எழுதியவர் அதிமுகவின் ஆலடி அருணா. அதே ஆண்டு ஆகஸ்ட் கடைசியில் ஒரு அவதூறு மசோதாவை மக்களவையில் நிறைவேற்றினார்கள். பத்திரிகைக்காரர்கள் நாடு முழுக்கத் தெருவுக்கு வந்ததால் செப்டம்பரில் அதை வாபஸ் வாங்கினார்கள். பத்திரிகைக்கு உள்ளேயும் எல்லாம் சுமுகமாக இல்லை. 1989 அக்டோபரில் மேலும் ஒரு தொகுதி ஆவணங்கள் வெளியாவதை இந்துவின் ஆசிரியர் ஜி. கஸ்தூரி நிறுத்தினார். ராம் அதை வெளிப்படையாக எதிர்த்தார். சித்ரா பிற்பாடு எக்ஸ்பிரஸிலும் ஸ்டேட்ஸ்மனிலும் தொடர்ந்தார். வெளியிலிருந்து வரும் மிரட்டலைப் பற்றி நாங்கள் நிறையப் பேசுவோம். உள்ளே வரும் “இன்றைக்கு வேண்டாம்” என்ற சொல்லைப் பற்றிக் குறைவாகவே பேசுவோம்.

சரி, இதனால் ஆட்சி கவிழ்ந்ததா? 1984-ல் ராஜீவ் காந்தி தலைமையில் நானூறைத் தாண்டிய காங்கிரஸ் 1989 நவம்பரில் 197-க்கு இறங்கியது, வி.பி. சிங் பிரதமரானார். “பத்திரிகை ஒரு ஆட்சியையே மாற்றியது” என்று மேடையில் பேசுவதற்கு இது வசதி. நானும் இளம் வயதில் அப்படிப் பேசியிருக்கிறேன். ஆனால் ஒரு கணக்கு இடிக்கிறது. போஃபர்ஸ் ஆவணங்களை வெளியிட்ட பத்திரிகை சென்னையில் அச்சானது. அந்தத் தேர்தலில் தமிழ்நாட்டின் 39 தொகுதிகளில் காங்கிரஸ் - அதிமுக அணி 38-ல் ஜெயித்தது. பக்கத்தில் ஆந்திரா, கர்நாடகாவிலும் காங்கிரஸ்தான் அள்ளியது. ஆவணங்களை முதலில் படித்த ஊர்க்காரர்கள் ராஜீவுக்கு ஓட்டுப் போட்டார்கள், படிக்காத வட இந்தியா அவரைத் தோற்கடித்தது என்று குறும்பாகக்கூடச் சொல்லலாம். உள்ளூர்க் கட்சிகள், கூட்டணிக் கணக்கு, அயோத்தி, பஞ்சாப் என்று அந்தத் தேர்தலில் பல இழைகள் இருந்தன. போஃபர்ஸ் அதில் எத்தனை சதவீதம் என்று யாராவது உறுதியாகச் சொன்னால் நம்பாதீர்கள். வி.பி. சிங்குக்குப் பேச ஒரு விஷயத்தை அது கொடுத்தது என்பதும், “மிஸ்டர் க்ளீன்” என்ற பெயரை ராஜீவிடமிருந்து பறித்தது என்பதும் வரைக்கும்தான் நான் போவேன்.

வழக்கு என்ன ஆனது என்பதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம், உங்கள் கேள்வியின் முள் அங்கேதான் இருக்கிறது. ஆட்சி மாறிய பிறகு 1990 ஜனவரியில் சிபிஐ வழக்குப் பதிந்தது. ஸ்விஸ் வங்கி ஆவணங்கள் இந்தியாவுக்கு வந்து சேர்ந்தது 1997 ஜனவரியில். கணக்கு வைத்திருந்தவர்கள் அங்கே ஒவ்வொரு நீதிமன்றமாக ஏறி ஏழு வருடத்தைக் கரைத்துவிட்டார்கள். அதற்குள் 1991-ல் ராஜீவ் கொல்லப்பட்டார். 1993-ல், தரகு வாங்கியதாகக் குற்றம் சாட்டப்பட்ட இத்தாலிய வியாபாரி ஒட்டாவியோ குவாட்ரோக்கி இந்தியாவை விட்டுப் போனார், திரும்பவேயில்லை. 1999 அக்டோபரில்தான் குற்றப்பத்திரிகை. 2001-ல் போஃபர்ஸின் முன்னாள் முகவர் வின் சத்தா இறந்தார். 2004 பிப்ரவரியில் டெல்லி உயர் நீதிமன்றம், ராஜீவ் உள்ளிட்ட அரசுப் பொறுப்பில் இருந்தவர்கள் மீதான லஞ்சக் குற்றச்சாட்டை ரத்து செய்தது. 2005 மே மாதம், இதே வழக்கில் சேர்க்கப்பட்டிருந்த தொழிலதிபர்கள் ஹிந்துஜா சகோதரர்களும் விடுபட்டார்கள். அந்தத் தீர்ப்பில் ஒரு முக்கியக் காரணம், சிபிஐ கொண்டுவந்தவை மூல ஆவணங்கள் அல்ல, சான்றளிக்கப்படாத நகல்கள் என்பது. அந்த வழக்குக்காக மக்கள் பணம் 250 கோடி செலவானது என்று நீதிபதி கடிந்தும் கொண்டார். சிபிஐ மேல்முறையீட்டுக்குப் போனது பன்னிரண்டு வருடம் கழித்து. தாமதத்தைக் காரணம் காட்டி 2018 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளியது.

இதற்கு நடுவில் பலர் கவனிக்காமல் விட்ட ஒன்று உண்டு. 2011 ஜனவரியில் வெளியான வருமான வரித் தீர்ப்பாயத்தின் உத்தரவு ஒன்று, வின் சத்தாவுக்கும் குவாட்ரோக்கிக்கும் சுமார் 41 கோடி ரூபாய் கமிஷன் போனது, அதற்கு வரி கட்டியிருக்க வேண்டும் என்றது. குற்றவியல் நீதிமன்றத்தில் நிற்காத அதே சங்கதி வரிக் கணக்கில் நின்றது. ஆக, தரகு கொடுக்கப்பட்டது என்பதில் இன்று பெரிய சந்தேகத்துக்கு இடமில்லை. ராஜீவ் காந்தி பணம் வாங்கினார் என்பது மட்டும் எங்கேயும் நிரூபிக்கப்படவில்லை. லிண்ட்ஸ்ட்ரோமே 2012 பேட்டியில் அதற்கு ஆதாரம் இல்லை என்றார். மூடிமறைப்பு நடந்ததைப் பார்த்துக்கொண்டு சும்மா இருந்தார் என்பது அவர் சொன்ன குறை. இந்த இரண்டுக்கும் இடையில் உள்ள இடைவெளியை மறந்துவிட்டுத்தான் இன்றும் டீக்கடையில் போஃபர்ஸ் பேசுகிறோம்.

“நகல்” என்ற சொல் எனக்குப் பழைய ஞாபகம் ஒன்றைக் கிளப்புகிறது. மாவட்டத்தில் இருந்தபோது, ஒரு ஒன்றிய அலுவலக ஊழியர் இரவு பத்து மணிக்கு என் வீட்டுத் திண்ணையில் நான்கு ஜெராக்ஸ் தாள்களை வைத்துவிட்டுப் போனார். எம் புக்கின் பக்கங்கள். சாலை வேலையில் எத்தனை மீட்டர் நீளம், எத்தனை அங்குல கனம் என்று பொறியாளர் அளந்து எழுதும் அளவுப் புத்தகம் அது. அதன்படி ஒரு கிராமச் சாலையில் ஜல்லி இரண்டு அடுக்கு போட்டு, மேலே தாரும் போட்டாயிற்று, பில்லும் பாஸாகிவிட்டது. மறுநாள் காலையில் நானும் புகைப்படக்காரரும் போய் டேப் வைத்து அளந்தோம். பாதி தூரத்துக்கு மேல் மண் ரோடு. இன்னொரு பக்கம் தார் இருந்தது, செருப்பு முனையால் நெம்பினால் கையோடு வந்தது. செய்தி போட்டோம், பெரிதாகவே வந்தது. பதினைந்து நாளில் வக்கீல் நோட்டீஸ் வந்தது. விசாரணைக்கு உத்தரவானது. விசாரணை அதிகாரி என்னிடம் கேட்ட முதல் கேள்வி, “ஒரிஜினல் எங்கே?” ஒரிஜினல் இருந்தது அவருடைய துறையின் பீரோவில். அந்தக் குறிப்பிட்ட புத்தகம் “காணவில்லை” என்று ஒரு மாதத்தில் பதில் வந்தது. தாள்களைக் கொடுத்த ஊழியரை மலைப் பக்கமாக மாற்றினார்கள். என் வாயிலிருந்து அவர் பெயர் போகவில்லை. ஆனால் அந்த அலுவலகத்தில் ஜெராக்ஸ் எடுக்கப் போகும் ஆட்கள் இரண்டே பேர் என்பதை நான் யோசித்திருக்க வேண்டும். நான்கு தாளையும் அப்படியே படம் எடுத்துப் போடாமல், எண்களை மட்டும் எழுதியிருந்தால் அவர் தப்பியிருப்பார். அந்தத் தவறு என்னுடையதுதான்.

அன்றைக்குப் புரிந்த விஷயம் இது. நிருபருக்குப் போதுமான ஆதாரம் வேறு, நீதிபதிக்குப் போதுமான ஆதாரம் வேறு. நான் நகலை நேரில் போய்ச் சரிபார்த்து, எதிர்த்தரப்பைக் கேட்டு, நியாயமான நம்பிக்கை வந்ததும் அச்சேற்றலாம். நீதிமன்றத்துக்கு மூல ஆவணம் வேண்டும், அதை எடுத்தவர் வந்து கூண்டில் நிற்க வேண்டும், நியாயமான சந்தேகம் எதுவும் மிஞ்சக்கூடாது. அந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கிற தூரத்தைக் கடக்க போலீஸ், தணிக்கை, வழக்கறிஞர், சர்வதேச ஒப்பந்தம் என்று பெரிய பாலம் தேவை. பாலம் கட்டும் பொறுப்பு அரசிடம். குற்றம் சாட்டப்பட்டவரும் அரசுக்கு வேண்டியவர் என்றால் பாலம் எவ்வளவு மெதுவாகக் கட்டப்படும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். அதிகாரத்தில் இருப்பவர்களுக்குச் செய்தியைப் பொய் என்று நிரூபிக்கும் தேவை பெரும்பாலும் வருவதில்லை. ஆள் சாகும்வரை, ஆர்வம் வற்றும்வரை இழுத்தால் போதும். தாமதம்தான் அவர்களுடைய உண்மையான ஆயுதம். நான் பார்த்த சாலையிலிருந்து போஃபர்ஸ் வரை எல்லா இடத்திலும் அதையே பார்க்கிறேன்.

அமெரிக்காவில் அதிபர் நிக்சன் பதவி விலகிய வாட்டர்கேட்டில் மட்டும் எப்படி நடந்தது என்று கேட்பீர்கள். அங்கேயும் இரண்டு நிருபர்கள் மட்டும் சேர்ந்து அதிபரை இறக்கவில்லை. 1972 ஜூனில் வாட்டர்கேட் கட்டடத்தில் இருந்த எதிர்க்கட்சி அலுவலகத்துக்குள் புகுந்தவர்கள் பிடிபட்டார்கள், வாஷிங்டன் போஸ்டின் உட்வர்டும் பெர்ன்ஸ்டீனும் அக்டோபர்வரை அடுக்கடுக்காக எழுதினார்கள், நவம்பரில் நிக்சன் 49 மாநிலங்களில் ஜெயித்தார்! தமிழ்நாடு 1989 மாதிரிதான். அதற்குப் பிறகு கைதானவர்களை விடாமல் குடைந்த நீதிபதி சிரிகா, செனட் குழு, அந்தக் குழுவின் முன்னால் “அதிபர் அறையில் எல்லாம் ஒலிப்பதிவாகிறது” என்று 1973 ஜூலையில் சொன்ன உதவியாளர், நாடாக்களைக் கொடுத்தே ஆக வேண்டும் என்று 1974 ஜூலையில் எட்டுக்குப் பூஜ்யம் என்று சொன்ன உச்ச நீதிமன்றம் எல்லாம் சேர்ந்துதான் ஆகஸ்டில் அவரை வீட்டுக்கு அனுப்பின. நாடா இல்லாமல் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது திறந்த கேள்வி. செய்தி செய்தது, மற்ற அமைப்புகள் தூங்கிவிடாமல் பார்த்துக்கொண்டதுதான். அந்த அமைப்புகளுக்கு எழுந்து நடக்கக் கால் இருந்தது. இங்கே அந்தக் கால்கள் சில சமயம் இருக்கின்றன, பல சமயம் கட்டிப்போடப்பட்டிருக்கின்றன.

இப்போது தேர்தல் பத்திரம். “அடங்கிவிட்டது” என்று எழுதியிருக்கிறீர்கள், அங்கேதான் உங்களோடு எனக்குச் சண்டை. 2018 ஜனவரியில் அந்தத் திட்டம் நடைமுறைக்கு வந்தது. ஸ்டேட் வங்கியில் பத்திரம் வாங்கிக் கட்சிக்குக் கொடுக்கலாம், யார் யாருக்குக் கொடுத்தார் என்பது வாக்காளருக்குத் தெரியாது. அந்த ஏப்ரலிலேயே ‘தி குவின்ட்’ தளத்தின் பூனம் அகர்வால் ஒரு காரியம் செய்தார். தலா ஆயிரம் ரூபாய் மதிப்பில் இரண்டு பத்திரம் வாங்கி, ஆய்வகத்துக்கு அனுப்பினார். புற ஊதா ஒளியில் காட்டியதும் கண்ணுக்குத் தெரியாத எழுத்தும் எண்ணும் கலந்த குறியீடு ஒன்று பத்திரத்தின் மூலையில் தெரிந்தது. அது பாதுகாப்பு அம்சம்தான், நன்கொடையாளரைத் தொடர்வதற்கு அல்ல என்று அரசு விளக்கம் சொன்னது. 2019 நவம்பரில் நிதின் சேத்தி, தகவல் உரிமைச் சட்டத்தில் பெறப்பட்ட கோப்புகளை வைத்து எழுதிய தொடரில், ரிசர்வ் வங்கி ஆரம்பத்திலேயே ஆட்சேபித்ததும் அது ஒதுக்கப்பட்டதும் வெளியே வந்தன. அந்தக் கோப்புகளை மனுப்போட்டு வாங்கியவர் ஓய்வுபெற்ற கடற்படை அதிகாரி லோகேஷ் பத்ரா. ஆனால் அப்போது அந்தத் திட்டம் ஒரு அங்குலம்கூட அசையவில்லை.

2024 பிப்ரவரி 15 அன்று ஐந்து நீதிபதிகள் ஒருமனதாகத் திட்டத்தை ரத்து செய்தார்கள். விவரம் கொடுக்க ஜூன் 30 வரை, அதாவது மக்களவைத் தேர்தல் முடியும்வரை, அவகாசம் கேட்டது வங்கி. பாருங்கள், மறுபடி அதே தாமதம். நீதிமன்றம் மறுத்தது. முதலில் வந்த பட்டியலில் வாங்கியவர் ஒரு பக்கம், பெற்ற கட்சி இன்னொரு பக்கம், இரண்டையும் இணைக்க வழியில்லை. இணைப்பது எது? பூனம் அகர்வால் ஆறு வருடத்துக்கு முன் ஆய்வகத்தில் கண்டுபிடித்த அந்தக் குறியீட்டு எண்தான். அதையும் கொடு என்று நீதிமன்றம் மறுபடி உத்தரவிட்ட பிறகு மார்ச் 21 அன்று எல்லாம் வெளியானது. அன்று இரவே பல செய்தி அறைகளில் இரண்டு பட்டியலையும் பொருத்தினார்கள். அதிகம் பெற்ற கட்சி பாஜக. அதிகம் வாங்கிய நிறுவனம் நம்ம கோயம்புத்தூர் லாட்டரி நிறுவனமான ஃபியூச்சர் கேமிங், 1,368 கோடி. அதில் ஐநூறு கோடிக்கு மேல் திமுகவுக்குப் போனது. எங்கள் கட்சி ரொம்பச் சுத்தம் என்று பேசிக்கொண்டிருந்த எல்லாத் தரப்பு நண்பர்களும் அன்று வாட்ஸ்அப்பில் கொஞ்சம் அமைதியாக இருந்தார்கள். நன்கொடை கொடுத்ததோ வாங்கியதோ அப்போதைய சட்டப்படி குற்றமில்லை. கைமாறாகச் சலுகை தரப்பட்டதா என்பது நிரூபணமாகவில்லை. சிறப்பு விசாரணைக் குழு கேட்ட மனுக்களை உச்ச நீதிமன்றம் அந்த ஆகஸ்டில் ஏற்கவில்லை. எனவே இதிலும் யாரும் ஜெயிலுக்குப் போகவில்லை, நீங்கள் சொன்னது சரி. ஆனால் ஒரு சட்டமே போயிற்று, பணக் கணக்கு பொதுவில் வந்தது, அதைத் திரும்ப உள்ளே வைக்க இனி யாராலும் முடியாது.

நான் சொல்லவருவது இவ்வளவுதான். தண்டனையை அளவுகோலாக வைத்தால் இந்தத் தொழில் தோற்றுக்கொண்டே இருக்கும். தண்டிக்கும் அதிகாரம் நிருபருக்குக் கிடையாது, இருக்கவும் கூடாது. அவன் செய்வது பீரோவுக்குள் இருக்கும் தாளைத் திண்ணைக்குக் கொண்டுவருவது. அதற்கப்புறம் அந்தத் தாள் எப்போது யாருக்குப் பயன்படும் என்பது அவனுக்கே தெரியாது. “நான்காவது தூண்” என்று சொல்லும்போது எனக்குக் கூச்சமாக இருக்கும். தூண் கூரையைத் தாங்கும். எங்கள் வேலை எங்கே ஒழுகுகிறது என்று மழை நாளில் குடையோடு சுற்றிப் பார்ப்பது.

இதன் மறுபக்கத்தையும் மறைக்கக்கூடாது. கசியவிடுகிற எல்லாரும் லிண்ட்ஸ்ட்ரோம் அல்ல. பதவி உயர்வு கிடைக்காதவர், டெண்டர் போகாத ஒப்பந்தக்காரர், சொந்தக் கட்சிக்குள் எதிரியை ஒழிக்க நினைப்பவர் இவர்கள்தான் என் திண்ணைக்கு அதிகம் வந்தார்கள். போஃபர்ஸிலேயே அமிதாப் பச்சன் பெயர் எத்தனை ஆண்டு அடிபட்டது! அவருக்கு எதிராகத் தாங்கள் பார்த்த எந்த ஆதாரமும் இல்லை என்று லிண்ட்ஸ்ட்ரோம் சொல்ல 2012 ஆனது. தப்பான பெயரைப் போட்ட செய்திக்கும் யாரும் ஜெயிலுக்குப் போவதில்லை, கவனியுங்கள். ஒரு அரசு விசாரணை ஏஜென்சி கொடுத்த கோப்பை அப்படியே தட்டச்சு செய்து “பரபரப்புத் தகவல்” என்று போடுவதைப் புலனாய்வு என்று இன்று பலர் அழைக்கிறார்கள். அதில் அரசின் கைதான் எழுதுகிறது, நிருபர் பேனா மட்டும் கொடுக்கிறார். எதிரியின் ஊழலை மட்டும் கண்டுபிடிக்கிற நிருபரை நான் நம்புவதில்லை.

சட்டப் பாதுகாப்பு எப்படி என்றால், பாதி பாதி. அரசு அதிகாரிகளைப் பற்றிய எழுத்தை அச்சாகும் முன்பே தடுக்க அரசுக்கு உரிமையில்லை என்று உச்ச நீதிமன்றம் 1994-ல் சொன்னது நக்கீரன் வழக்கில்தான், ஆட்டோ சங்கரின் சுயசரிதை தொடர்பாக. 2019-ல் ரஃபேல் போர் விமானக் கொள்முதல் வழக்கில், இந்து வெளியிட்ட கோப்புகள் திருடப்பட்டவை, ரகசியச் சட்டப்படி பார்க்கக்கூடாது என்று அரசு வாதிட்டபோது நீதிமன்றம் ஏற்கவில்லை. (மறுஆய்வு மனுக்கள் பிற்பாடு தள்ளுபடியானது வேறு விஷயம்.) மறுபக்கம், கிரிமினல் அவதூறுச் சட்டம் இன்னும் உயிரோடு இருக்கிறது. 2016-ல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்த கணக்குப்படி, முந்தைய ஐந்து ஆண்டில் தமிழக அரசு இருநூறுக்கும் மேற்பட்ட அவதூறு வழக்குகள் போட்டிருந்தது. அவற்றில் பத்திரிகை ஆசிரியர்கள் மீதான ஒரு தொகுதியைச் சென்னை உயர் நீதிமன்றம் 2020 மே மாதம் ரத்து செய்தது. அரசு வழக்கறிஞர் தபால் நிலையம் மாதிரி வந்ததை அப்படியே அனுப்பக்கூடாது என்ற பொருளில் நீதிபதி கண்டித்தார். நல்ல தீர்ப்புதான். ஆனால் அதுவரை எட்டு வருடம் வாய்தாவுக்கு அலைந்தவர்கள் அலைந்ததுதான். தகவல் கொடுத்தவர் பெயரை நீதிமன்றத்தில் சொல்ல மறுக்கும் உரிமை இந்தியச் சட்டத்தில் நிருபருக்குத் தெளிவாக இல்லை. பிரஸ் கவுன்சில் விசாரணையில் மட்டும் அந்தப் பாதுகாப்பு உண்டு. தகவல் கொடுப்பவருக்கான பாதுகாப்புச் சட்டம் 2014-ல் நிறைவேறியும் நடைமுறைக்கு வராமல் கிடக்கிறது. இதற்கெல்லாம் மேல் விளம்பரம் இருக்கிறது. பல பத்திரிகைகளுக்குப் பெரிய விளம்பரதாரர் அரசுதான். அதை யாரும் எழுத்தில் மிரட்ட மாட்டார்கள். விளம்பரம் போடச் சொல்லும் ரிலீஸ் ஆர்டர் இரண்டு மாதம் வராது, அவ்வளவுதான், மூன்றாவது மாதம் ஆசிரியர் கூட்டத்தில் குரல் தணிந்துவிடும்.

படிக்கலாமா என்ற கேள்விக்கு வருகிறேன். படிக்கலாம், ஆனால் பட்டப்படிப்பு அல்லாத சிலவற்றையும் சேர்த்துக் கற்றுக்கொள்ளுங்கள். ஒரு நிறுவனத்தின் ஆண்டுக் கணக்கைப் படிக்கத் தெரிய வேண்டும். அரசுச் செலவைத் தணிக்கை செய்யும் சிஏஜியின் அறிக்கையைக் கடைசிப் பக்கத்திலிருந்து பின்னோக்கிப் படிக்கப் பழகுங்கள், விஷயம் இணைப்புகளில்தான் ஒளிந்திருக்கும். 1989-ல் போஃபர்ஸ் கொள்முதலைக் குறை சொன்ன சிஏஜி அறிக்கையை வைத்துத்தான் எதிர்க்கட்சி எம்.பி.க்கள் கூட்டமாக ராஜினாமா செய்தார்கள் என்பதை மறக்க வேண்டாம். தகவல் உரிமை மனுவில் “ஏன்” என்று கேட்காதீர்கள், பதில் வராது. “இந்தத் தேதியிலிருந்து இந்தத் தேதிவரை உள்ள கோப்புக் குறிப்புகளின் நகல்” என்று கேளுங்கள். 2023-ல் வந்த தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் அந்தத் தகவல் உரிமைச் சட்டத்தின் ஒரு பிரிவையே திருத்தியிருக்கிறது, பெயர்கள் உள்ள தாள்களைத் தர மறுப்பது இனி அதிகாரிகளுக்குச் சுலபம். அதையும் தெரிந்து வைத்துக்கொண்டு மனு எழுதுங்கள். முதல் கட்டுரைக்கு டெல்லி வரை போக வேண்டாம், உங்கள் ஊராட்சியில் போன வருடம் போட்ட ஒரு தெருவின் எம் புக் நகலை முறைப்படி மனுப்போட்டு வாங்கி, ஒரு டேப்போடு போய் அளந்து பாருங்கள். நகலில் அலுவலக முத்திரையோடு “உண்மை நகல்” என்று கையெழுத்து வாங்க மறந்துவிடாதீர்கள்.